தோணிக்குப் பக்கத்தில் ஊன்றியிருந்த கம்பு

சண்டை முடிந்த பிறகு எங்கள் பக்கத்தில் ஓவியக் கண்காட்சிகள் பெருகின. சுனாமிக்குப் பிறகும் அப்படித்தான் நடந்தது. பாதிக்கப்பட்டவர்களுக்கு வர்ணமும் தாளும் கொடுத்து வரையச் சொல்வார்கள். படங்களை ஒரு மண்டபத்தில் கயிறு கட்டித் தொங்கவிடுவார்கள். யாராவது நாடா வெட்டுவார். நான் பத்திரிகைக்கு எழுதுவேன். சுனாமிப் படங்களில் நீலம் அதிகமாக இருந்தால் அலை என்று எழுதிப் பழகியிருந்தேன். ஒரு தடவை, அது தன் வீட்டுச் சுவர் என்று வரைந்தவரே சொன்னார். நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

அந்தக் கண்காட்சி மட்டக்களப்பு நகரத்தில் நடந்தது. மண்டபத்துக்குள் வெக்கை. ஒரு படத்தைத் தேர்ந்து, பத்து வரி எழுதிவிட்டு வீட்டுக்குப் போனால் போதும் என்றிருந்தது. பனிச்சங்கேணிப் பெண் ஒருவர் வரைந்த படம் கண்ணில் பட்டது. சாம்பல் நிறத் தண்ணீர், நடுவில் ஒரு தோணி, தோணியில் ஆள் இல்லை. பக்கத்தில் செங்குத்தாக ஒரு மெல்லிய கோடு. சண்டைக் காலத்தில் ஒரு நாள் சைக்கிளில் சந்தைக்குப் போன அவருடைய கணவர் திரும்பவில்லை என்று ஏற்பாட்டாளர் சொன்னார். எனக்கு வேறொன்றும் தேவைப்படவில்லை. "இந்த வெறுந்தோணி, திரும்பி வராத கணவனுக்கு ஒரு பெண் வரைந்த இரங்கல்" என்று எழுதினேன். ஞாயிறு இதழில் படத்துடன் வந்தது. ஆசிரியர் பாராட்டினார்.

இரண்டு கிழமை கழித்து அந்தப் பெண் அலுவலகத்துக்கு வந்தார். நெற்றியில் பொட்டு, கழுத்தில் தாலி. பத்திரிகைத் துண்டை என் மேசையில் விரித்தார்.

"அவர் செத்துட்டார் எண்டு உங்களுக்கு ஆர் சொன்ன, அண்ணன்?"

"நான் அப்படி எழுதல்லையே. திரும்பி வராதவர் எண்டுதான்..."

"இரங்கல் எண்டு கிடக்கே. உசிரோட இருக்கிற ஆளுக்கு ஆரும் இரங்கல் எழுதுவாங்களா?" அந்த மெல்லிய கோட்டின் மேல் விரலை வைத்தார். "இது என்ன, சொல்லுங்க பாப்பம்."

"நிழலோ என்னவோ எண்டு நினைச்சன்."

"தோணி தள்ளுற கம்பு. அதைச் சேத்துக்குள்ள குத்தித் தோணியக் கட்டியிருக்கு. அப்ப ஆள் இறங்கி இடுப்பளவு தண்ணிக்க நிண்டு வலை பாக்கிறார் எண்டு அர்த்தம். தாள்ல இடம் காணாது, அதால ஆளை வரையல்ல. ஆளில்லாத தோணிக்கு ஆர் அண்ணன் கம்பு குத்துற?"

நான் நகரத்தில் பிறந்தவன். வாவியைப் பாலத்தின் மேல் நின்றுதான் பார்த்திருக்கிறேன்.

அவர் வந்த காரியம் வேறு. கணவரின் தங்கையுடைய மகள் பெரியபிள்ளையாகியிருந்தாள். சாமத்தியச் சடங்கில் முதல் ஆலாத்தி எடுக்க வேண்டியவர் தாய்மாமன் மனைவியான இவர்தான். அதுவரை எல்லோரும் அப்படித்தான் பேசிக்கொண்டிருந்தார்கள். பத்திரிகை வந்த பிறகு அந்தப் பேச்சு நின்றுவிட்டது. கணவன் இல்லாதவள் ஆலாத்தித் தட்டைத் தொடமாட்டாள். "பேப்பர்ல பிழையெண்டு போடுங்க. சடங்குக்கு இன்னும் ஒன்பது நாள் கிடக்கு" என்றார்.

ஆசிரியர் முதலில் மறுத்தார். செய்தி பிழைத்தால் திருத்தம் போடலாம், ரசனைக்கு எப்படித் திருத்தம் போடுவது என்று கேட்டார். கடைசியில், உள்பக்கத்தில் ஒரு டெண்டர் அறிவித்தலுக்குக் கீழே இரண்டு வரி போட்டார். படத்தில் கம்பு ஊன்றப்பட்டிருக்கிறது, தோணிக்காரர் தண்ணீரில் நிற்கிறார், தவறுக்கு வருந்துகிறோம்.

அந்தப் பத்திரிகையோடு நானே பனிச்சங்கேணிக்குப் போனேன். கணவரின் தங்கை முற்றத்தில் இருந்து கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்தார். என்னை நிழலில் இருக்கச் சொன்னார். இரண்டு வரியையும் ஆறுதலாக வாசித்தார்.

"நான் தோணிக்காரன்ட மகள், தம்பி. கம்பைப் பாக்க எனக்குத் தெரியாதா? மச்சாள் வரைஞ்ச அண்டைக்கே இஞ்ச கொண்டு வந்து காட்டினவ. பாத்த உடன விளங்கிச்சு, அண்ணன் தண்ணிக்க நிக்கிறான் எண்டு. எந்த இடத்தில நிக்கிறான் எண்டும் சொன்னன். சிரிச்சம்."

"பிறகென்ன?"

"பிறகு நீங்க எழுதினத வாசிச்சன். அதுக்குப் பிறகு எத்தின தரம் பாத்தாலும் வெறுந்தோணிதான் தெரியுது." வலையை மடியிலிருந்து இறக்கி வைத்தார். "நல்லா எழுதியிருக்கீங்க தம்பி. அதுதான் கரைச்சல்."

ஆலாத்திக்கு வேறு ஆளுக்குச் சொல்லியாயிற்று என்றார். தேத்தண்ணி தந்தார். குடித்துவிட்டு வந்தேன்.

அடுத்த வருடம் அதே மண்டபத்தில் மறுபடி கண்காட்சி. அதே படம் தொங்கியது. வரைந்தவர் அந்தக் கோட்டின் மேல் கறுப்பு வர்ணத்தைப் பலமுறை பூசி, விரல் தடிப்புக்குக் கொண்டு வந்திருந்தார். தோணியிலிருந்து கம்புக்குக் கயிறும் வந்திருந்தது. தண்ணீரின் அமைதி போய்விட்டது. தூரத்தில் வரும்போதே அந்தக் கறுப்புத்தான் தெரிந்தது. படமாகப் பார்த்தால் அது கெட்டுப்போயிருந்தது.

அவர் படத்துக்குப் பக்கத்தில் நின்றார். கொழும்பிலிருந்து வந்த ஒருவர் கிட்டப் போய்ப் பார்த்துவிட்டு, "சுடுற துவக்கா?" என்று கேட்டார்.

"கம்பு. தோணி கட்டின கம்பு" என்றார்.

அடுத்து வந்த அம்மா ஒருவர், கல்லறையில் நடுகிற கட்டையா என்று கேட்டார். அவருக்கும் அதே பதில். நான் நின்ற ஒரு மணித்தியாலத்தில் பத்துப் பன்னிரண்டு தடவை சொல்லியிருப்பார். குரல் உயரவில்லை.

என்னைக் கண்டதும் கொஞ்சம் விலகிப் படத்துக்கு முன்னால் இடம் விட்டார்.

"இப்ப தெரியுதா, அண்ணன்?"

"ஓம், நல்லாத் தெரியுது" என்றேன்.

அந்தத் தடவை மண்டபத்தின் பெயரையும், கண்காட்சி திறந்திருக்கும் நேரத்தையும் மட்டும் எழுதி அனுப்பினேன்.