பெற்றிசியா தன்னைப் பற்றி எழுதிய அறிக்கை

ஓலைத்தொடுவாயில் எங்கள் பக்கத்து வீட்டுக்காரி பெற்றிசியா. கொழும்பில் இருபது வருடம் சட்டம் படிப்பித்துவிட்டு, மீள்குடியேற்றம் தொடங்கிய கையோடு தகப்பனின் காணிக்கு வந்து சேர்ந்தவர். மீன் வாங்கப் போனாலும் விற்கிறவன் பக்கத்து நியாயத்தையும் தானே எடுத்துச் சொல்லிவிட்டுத்தான் விலை பேசுவார். அப்படியொரு மனுசி.

பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் பிடிபட்டவர்களைப் பற்றிப் புத்தகம் எழுதிக்கொண்டிருந்தார். வெள்ளாங்குளத்தில் வயல் செய்கிற கமக்காரர் நடராசாவை எட்டு மாதமாக உள்ளே வைத்திருந்தார்கள். ஏனென்று ஒருவரும் எழுதி வைக்கவில்லை. அதைத்தான் இவர் கிண்டிக்கொண்டிருந்தார். சும்மா விடுவார்களா? செவ்வாய்தோறும் சிவில் உடுப்பில் ஒரு புலனாய்வுக்காரர் வந்து கதிரையைப் போட்டுக்கொண்டு விசாரிப்பார். தகப்பன் பெயர் என்ன, என்ன எழுதுகிறீர்கள். எந்தக் கிழமையும் தகப்பன் மாறவில்லை.

அந்தப் புலனாய்வுக்காரருக்கு அறிக்கை எழுதுவதென்றால் வேப்பங்காய். சிங்களத்திலேயே பிழை விடுவாராம். ஒருநாள் இவரைப் பற்றிய அறிக்கைப் படிவத்தையே நீட்டி, மிஸ்ஸே எழுதித் தந்தால் புண்ணியம் என்றார். இவரும் வாங்கிக்கொண்டார். படிப்பித்த பழக்கம் விடுமா? எதிர்த் தரப்பு வாதத்தை முதலில், அதுவும் அவர்களைவிடத் திறமாக எழுதவேண்டும், பிறகுதான் உடைக்கவேண்டும். முதல் பக்கத்தில், பெற்றிசியா என்ற பெண்ணை ஏன் உடனே கைதுசெய்யலாம் என்பதற்கு ஐந்து காரணங்கள், அடிக்குறிப்புகளோடு. இரண்டாம் பக்கத்தில் ஐந்தும் தவிடுபொடி.

மேலிடத்துக்கு ஒரு பக்கம்தான் அனுப்பலாமாம். மனிதர் முதல் பக்கத்தை அனுப்பிவிட்டார்.

வியாழக்கிழமை ஜீப் வந்து பெற்றிசியாவை ஏற்றிக்கொண்டு போனது. நான் சோற்றுப் பார்சலோடு புலனாய்வுக் கந்தோருக்கு ஓடினேன். உள்ளே விடவில்லை, ஜன்னலடியில் நின்றேன். பொறுப்பதிகாரிக்குத் தமிழ் நன்றாக வந்தது. தன் சேவைக் காலத்தில் இவ்வளவு துப்புரவான காரணங்களைக் கண்டதில்லை என்று பாராட்டி, தேத்தண்ணியும் கொடுத்தார். இரண்டாம் பக்கம் ஒன்று இருக்கிறது என்றார் பெற்றிசியா. கோப்பில் இல்லையே என்றார் அவர். பிறகு நடராசாவின் கோப்பை எடுத்து முன்னால் வைத்தார். உள்ளே ஒரு தாள்கூட இல்லை. இதற்கும் இப்படியொரு பக்கம் எழுதித் தந்தால் பின்னேரமே வீட்டுக்குப் போகலாம் என்றார்.

எழுதிக் கொடுத்துவிட்டு வாங்கோ என்று நான் மனதுக்குள் கெஞ்சினேன். இப்போது நினைக்க வெட்கமாக இருக்கிறது. ஆனாலும் கெஞ்சினேன்.

"நான் எழுதுறதெண்டா அந்தாள் செய்த ஏதாவது ஒண்டு வேணும், சேர். சொல்லுங்கோ, எழுதுறன்" என்றார் பெற்றிசியா.

அதிகாரி யோசித்தார். பாசாங்கில்லை, உண்மையாகவே நெற்றியைத் தடவித் தடவி யோசித்தார். ஒன்றும் வரவில்லை.

"அப்ப அவரை விடுங்கோ. என்னை வைச்சிருங்கோ. எனக்கெண்டாலும் காரணம் இருக்குது."

அவர் சொன்னதில் பாதியைத்தான் கேட்டார்கள். பெற்றிசியாவை வைத்துக்கொண்டார்கள்.