தூணில்லாத கூடம்

என் சர்பத் கடைக்கு நேர் எதிரே, வண்ணார்பேட்டை ரோட்டில் அந்தக் கட்டடம் நிற்கிறது. நிற்கிறது என்று இன்னும் ஒரு வாரத்துக்குச் சொல்லிக்கொள்ளலாம். பஸ் கம்பெனி நடத்திய பிச்சைக்கண்ணு முதலாளி, சுதந்திரம் வந்த கையோடு கார் விற்க ஆசைப்பட்டுக் கட்டிய ஷோரூம் அது. முகப்பு கப்பல் மூக்கு மாதிரி வளைந்திருக்கும். அந்த வளைவு முழுக்கக் கண்ணாடி. உள்ளே சிவப்புச் சிமெண்டுத் தரை, பாதி மாடியில் முதலாளி அறை. கூடத்தில் ஒரு தூண்கூடக் கிடையாது. கார் திரும்பும்போது எதிலும் இடிக்கக் கூடாது என்று இரும்பு உத்தரத்தின் மேலேயே மொத்தக் கூரையையும் நிறுத்திவிட்டார்.

எல்லாம் யோசித்துக் கட்டியவர் ரோட்டை யோசிக்கவில்லை. வாசலிலிருந்து ரோட்டுக்கு இறங்க ஒரு சரிவு வைத்திருந்தார். ரோடு போட்டவர்கள் பழைய தாரைச் சுரண்டாமல் மேலே மேலே போட்டதில், இறங்கின சரிவு ஏறுகிற சரிவாகிவிட்டது. கார் வெளியே வரும்போது ஓட்டுகிறவனுக்கு வானம்தான் தெரியும். பஸ்ஸும் தெரியாது, ஆடும் தெரியாது. ரோட்டோரம் ஒரு ஆள் நின்று கைகாட்டியே ஆக வேண்டும்.

அப்படிக் கைகாட்டியவன் பேச்சிராஜ். புது வண்டியை நாலு சக்கரத்துக்கும் எலுமிச்சம்பழம் வைத்துத்தான் எடுப்பார்கள். பழம் என் கடையில் வாங்குவார்கள். வண்டிக்கு எதிரே முதலில் தெரிகிற முகம் ராசியானதாக இருக்க வேண்டும். பேச்சிராஜ் முகம் ராசியான முகம் என்று பேர். அந்த ராசி அவனுக்கு மட்டும் உதவவில்லை, மஞ்சள் காமாலையில் போய்விட்டான். அவனுக்குப் பிறகு யார் யாரோ கைகாட்டினார்கள்.

அவன் பெண்டாட்டி தங்கத்தாய்க்குப் பரிதாபப்பட்டு ஷோரூமைக் கூட்டிப் பெருக்கும் வேலை கொடுத்தார்கள். கூடவே ஒரு சட்டமும் கொடுத்தார்கள். வண்டி எடுக்கும் நேரத்தில் அவள் முன்னால் வரக் கூடாது. தாலி அறுத்தவள் முகத்தில் புது வண்டி விழிக்கக் கூடாதாம். எலுமிச்சம்பழத்தைப் பார்த்ததும், பின்சுவரில் இருக்கும் பேட்டரி அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்வாள். லேசாக இடுக்கு விட்டுப் பார்ப்பாள். அவளுக்குக் காரின் முதுகுதான் தெரியும். வண்டி போன பிறகு வந்து நசுங்கின பழத்தை அள்ளுவாள். இதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

பிள்ளை குட்டி இல்லை. கொக்கிரகுளத்தில் ஒற்றை அறையில் இருக்கிறாள். என் கடையில் சர்பத் குடிக்கிற நேரம்தான் அவள் வாய் திறக்கிற நேரம். ஒருநாள் சொன்னாள்:

"அண்ணாச்சி, அவிய நின்ன எடத்துல நின்னு ஒரே ஒரு வண்டி வாரதப் பாத்துரணும். வேற ஒண்ணும் வேண்டாம் எனக்கு."

"போயி நிக்க வேண்டியதுதான?"

"வண்டிக்கு எதுவும் ஆயிட்டுன்னா என் தலையிலதான விடியும்?"

கார் வியாபாரமெல்லாம் பைபாஸ் பக்கம் போய்விட்டது. ஷோரூமை மூடினார்கள். சென்னையில் இருக்கும் முதலாளியின் பேரன்மார் அவளை மட்டும் வைத்துக்கொண்டார்கள். தினமும் திறப்பாள், கூட்டுவாள், பெரிய முதலாளி விற்காமல் வைத்திருந்த கறுப்பு ஆஸ்டின் காரைத் துடைப்பாள், பூட்டுவாள். ரோடு ஓய்ந்திருக்கும் மத்தியானத்தில், ஆளில்லாத கூடத்தில் அவள் கூட்டுகிற சத்தம் என் கடைவரைக்கும் கேட்கும். கேட்டால் மனசை என்னமோ செய்யும்.

போன ஆவணியில் கட்டடத்தை விற்றுவிட்டார்கள். இடித்துவிட்டுத் துணிக்கடை கட்டப்போகிறார்களாம். ஆஸ்டினைத் தூத்துக்குடிக்காரர் ஒருவர் வாங்கி, அதைக் கிளப்பிக்கொண்டு வர ஜெய்சன் என்ற பாளையங்கோட்டை மெக்கானிக்கை அனுப்பினார். நேற்றுக் காலையில் எஞ்சின் உறுமிவிட்டது. ரோட்டுக்கு ஏற்றி லாரியில் விட வேண்டியதுதான் பாக்கி. வண்டியை ஒப்படைக்க வந்திருந்த பழைய மேனேஜர் பெருமாள்ராஜ், பழக்கதோஷத்தில் என்னிடம் நாலு எலுமிச்சம்பழம் வாங்கிப் போனார்.

தங்கத்தாய் பழத்தைப் பார்த்தாள். யாரும் அவளை ஒன்றும் சொல்லவில்லை. விளக்குமாற்றைச் சுவரில் சாத்திவிட்டு, தானாகவே பேட்டரி அறைக்குள் போய்விட்டாள். எனக்கு அழுகையே வந்துவிட்டது.

பெருமாள்ராஜே ரோட்டோரம் நின்று கைகாட்டினார். ஒரு கண் ஆபரேஷன் ஆனவர், இன்னொன்று ஆக வேண்டியவர். "வா, வா" என்றார். ஆஸ்டின் பழங்களை நசுக்கிக்கொண்டு ஏறி மூக்கை நீட்டவும், டவுண் பஸ் ஒன்று அலறிக்கொண்டு உரசினாற்போல் போகவும் சரியாக இருந்தது. ஜெய்சன் போட்ட பிரேக்கில் எஞ்சின் நின்று, வண்டி பின்னால் உருண்டு கூடத்துக்குள்ளேயே போய்விட்டது. அவன் தலையை வெளியே நீட்டிப் பெருமாள்ராஜிடம் சீறினான்:

"அண்ணாச்சி, உமக்குக் கண்ணு தெரியுதா இல்லையா வே? காலையில இங்கன ஒரு அக்கா நின்னாவளே, அவியள வரச் சொல்லும்."

"அது சரிப்படாது தம்பி. புருசன் இல்லாதவ. சகுனம்னு ஒண்ணு இருக்குல்லா?"

"பஸ்ஸு இடிச்சா சாவுதது நான். சகுனத்த நான் பாத்துக்கிடுதேன்" என்ற ஜெய்சன் பின்பக்கம் திரும்பிக் கத்தினான். "யக்கா! வெளிய வாங்க!"

அவள் வந்தாள். முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டு சரிவேறி, பேச்சிராஜ் நின்ற அதே இடத்தில் நின்றாள். இரண்டு பக்கமும் பார்த்தாள். வந்த ஆட்டோவை ஒரு கையால் நிறுத்தி, மறு கையைக் காருக்கு அசைத்தாள். "பைய வாங்க தம்பி... பைய... ஆங், வாங்க." ஆஸ்டின் புகையைக் கக்கிக்கொண்டு ஏறி, அவள் முன்னால் முழுசாக வந்து நின்றது. ஒரு கீறல் இல்லை. லாரியில் ஏற்றிக்கொண்டு ஜெய்சன் போனான். பெருமாள்ராஜ் அவள் முகத்தைப் பார்க்காமல் காப்பி குடிக்கப் போனார்.

தங்கத்தாய் நின்ற இடத்தைவிட்டு நகரவில்லை. திறந்து கிடந்த வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் ஒரு கிளாஸ் சர்பத்தோடு ரோட்டைக் கடந்து போனேன்.

"என்ன தங்கத்தாயி, ஆசை தீந்துதா?"

சிரிப்பாள் என்று நினைத்தேன். அவள் கையை நீட்டி உள்ளே காட்டினாள். நேர் எதிரே பேட்டரி அறைக் கதவு, இடுக்கு விட்டபடி தெரிந்தது. நடுவில் மறைக்க ஒரு தூண் இல்லை. ரோடு உயரத்தில் நின்று பார்த்தால், கூடத்தில் கார் நின்றாலும் அதன் கூரைக்கு மேலே அந்தக் கதவு தெரியும்.

"அங்கன நின்னா ஆருக்கும் தெரியாதுன்னுல்லா நெனச்சிருந்தேன். தெனமும் இதத் தாண்டித்தான் போவுதேன், நின்னு திரும்பிப் பாத்ததே இல்ல. இங்கன வந்தா அந்தக் கதவுதான் மொதல்ல கண்ணுல படுது அண்ணாச்சி. அவியளுக்கு அப்புறம் கைகாட்டுன அத்தன பேரும் என்னயப் பாத்துக்கிட்டுத்தான் நின்னுருக்காவ. எந்த வண்டிக்கும் ஒண்ணும் ஆவல."

சர்பத்தை வாங்கினாள். குடிக்கவில்லை.

"ஒருத்தராவது வான்னு கூப்பிட்டுருக்கலாம்லா?"

கிளாஸை அப்படியே என் கையில் கொடுத்துவிட்டு உள்ளே போனாள். விளக்குமாற்றை எடுத்து, அடுத்த வாரம் இடிக்கப்போகிற கூடத்தைக் கூட்ட ஆரம்பித்தாள்.