சேணக் கொம்பில் இரண்டு சுற்று

1. பின் போடாத கேற்

றேடியோவில் ரதியின் குரல் வந்தபோது நான் காலைக் கோப்பியின் மூடியைக்கூடத் திறக்கவில்லை.

"அண்ணை, ஒரு நாம்பன் மாடு வெளியால வந்திட்டுது. பார்க்கிங் லொட்டுக்கை நிக்குது."

ரதி எங்கள் கண்காட்சி மைதானத்தின் தெற்கு வாசலில் செக்கியூரிட்டி. நான் கால்நடைப் பிரிவின் சூப்பர்வைசர். நவம்பர் மாதத்தில் ஒன்ராறியோவின் பல பக்கங்களிலிருந்தும் பண்ணைக்காரர் மாடுகளையும் குதிரைகளையும் ரொறன்ரோ ஏரிக்கரைக்குக் கொண்டுவருவார்கள். றக்கிலிருந்து இறக்குவது, கட்டுவது, சாணம் அள்ளுவது எல்லாம் என்னுடைய ஆட்களின் வேலை. அன்று இறக்கும் நாள்.

இறக்குகிற இடத்துக் கேற்றின் தாழ்ப்பாளில் இரும்புப் பின் ஒன்று போட வேண்டும். போட்டிருக்கிறதா என்று காலையில் போய்ப் பார்த்துவிட்டுச் செக்லிஸ்ற்றில் கையெழுத்து வைக்க வேண்டியவன் நான். கையெழுத்து வைத்தேன். போய்ப் பார்க்கவில்லை. இருபது வருடமாக யாரோ ஒருவர் போட்டுத்தான் இருந்தார்கள். அன்றும் போட்டிருப்பார்கள் என்று நினைத்துவிட்டேன்.

நான் ஓடிப் போனபோது காயடித்த அந்தக் கறுப்பு நாம்பன் கார்களுக்கு நடுவில் மூச்சு வாங்கிக்கொண்டு நின்றது. எழுநூறு கிலோவுக்குக் குறையாது. அதற்குப் பின்னால் வீதி. வீதியில் இரண்டு நிமிடம் ஓடினால் நெடுஞ்சாலை ஏறும் வளைவு. வந்திருந்த பொலிஸ்காரர் என்னிடம் மரியாதையாகத்தான் சொன்னார்: மாடு வீதிப் பக்கம் திரும்பினால் சுடுவதைத் தவிர வேறு வழியில்லை. காலை நேரம், வாகனங்கள் நிறைந்து ஓடிக்கொண்டிருந்தன. அவரைக் குறை சொல்ல முடியாது.

அப்போதுதான் ரமிரோ என் பக்கத்தில் வந்து நின்றார்.

2. ரமிரோ

ரமிரோ மெக்சிக்கோவிலிருந்து வந்தவர். ஏஜென்சி மூலம் ஆறு வருடமாக எங்களிடம் சாணம் அள்ளினார். அதிகம் பேசமாட்டார். வலது கையில் பெருவிரல் பாதிதான் இருந்தது. ஏதோ மெஷினில் போயிருக்கும் என்று நினைத்து, பாரம் தூக்குகிற வேலைகளுக்கு அவரை நான் போடுவதில்லை. அவரிடம் கேட்கவும் இல்லை.

"எனக்கு ஒரு குதிரை வேணும்" என்றார்.

சற்றுத் தள்ளி ஹெலன் என்ற பண்ணைக்காரி சேணம் கட்டிய குதிரையோடு நின்றார். பயிற்சிக்குக் கொண்டுபோகிற வழியில் நடப்பதைப் பார்த்து நின்றுவிட்டார். சேணத்தில் சுருக்குக் கயிறும் தொங்கியது. ரமிரோ குதிரையிடம் போய் அதன் கழுத்தில் கை வைத்தார். ஹெலன் என்னைப் பார்த்தார். எங்களுடைய தொழிலாளி யாரும் கண்காட்சிக் குதிரையில் ஏறக் கூடாது என்பது மைதானத்தின் முதல் விதி. மீறினால் அன்றைக்கே வீட்டுக்குப் போக வேண்டியதுதான்.

"குடுங்கோ, பொறுப்பு நான்" என்று ஹெலனிடம் சொன்னேன்.

ரமிரோ ஏறினார். ஆனால் குதிரையை ஓட்டவில்லை. நடத்தினார். தார்த் தரையில் லாடம் வழுக்கும் என்று பிறகு சொன்னார். மாட்டைப் பார்க்காதவர் போல ஒரு பெரிய வட்டம் சுற்றி, மாட்டுக்கும் வீதிக்கும் நடுவில் குதிரையைக் கொண்டுபோய் நிறுத்தினார். முதல் வீச்சு தவறியது. நாம்பன் வெருண்டு வீதிப் பக்கம் இரண்டு அடி பாய்ந்தது. பொலிஸ்காரர் துப்பாக்கியை உயர்த்தினார்.

இரண்டாவது வீச்சில் சுருக்கு இரண்டு கொம்புகளிலும் விழுந்தது. அதே கணத்தில் ரமிரோ கயிற்றின் மற்ற முனையைச் சேணத்தின் முன்னால் கட்டைபோல் நீட்டி நிற்கும் முன்கொம்பில் இரண்டு சுற்றுச் சுற்றினார். குதிரை பின்வாங்கி ஊன்றி நின்றது. கயிறு விறைத்தது. அவ்வளவு பெரிய மாடு நின்றுவிட்டது.

அந்தச் சுற்றுப் போடும்போது கயிற்றுக்கும் சேணக் கொம்புக்கும் இடையில் விரல் அகப்பட்டால் விரல் போய்விடும். அவருடைய பெருவிரலின் கதை எனக்கு அங்கே நின்றபோதுதான் விளங்கியது.

3. அறிக்கை

மதியம் மனேஜர் பிரையன் என்னைக் கூப்பிட்டார். மேசையில் விபத்து அறிக்கைப் படிவம் இருந்தது. ஏஜென்சித் தொழிலாளி ஒருவர் அனுமதியில்லாமல் குதிரையில் ஏறினார் என்று ஏற்கெனவே எழுதி வைத்திருந்தார். ரமிரோவை வேலையிலிருந்து நிறுத்திவிட்டால் இன்ஷூரன்ஸ்காரரும் கேள்வி கேட்க மாட்டார்கள் என்றார். கேற் தானாகத் திறந்ததாகப் போட்டுவிடலாம் என்றும் சொன்னார். எனக்கு ஓய்வு பெற இரண்டு வருடம் இருந்தது. அந்த வருட முடிவில் ஒரு பதவி உயர்வும் வரவிருந்தது.

கையெழுத்து வைத்துவிடலாமா என்று நானும் யோசித்தேன். அதை மறைக்க விரும்பவில்லை. படிவத்தை என் பக்கம் இழுத்தேன். கையெழுத்து வைத்தால் எல்லாம் முடிந்துவிடும். அன்று காலையும் பார்க்காமல்தான் ஒரு கையெழுத்து வைத்தேன்.

"அனுமதி குடுத்தது நான். கேற் பின்னைப் பார்க்காமல் கையெழுத்து வைச்சதும் நான்தான்" என்றேன்.

பிரையன் பேனையைக் கீழே வைத்தார். அவருக்கு என்மேல் கோபத்தைவிடச் சலிப்புத்தான் அதிகம். படிவத்தைக் கிழித்துப் புதிதாக எழுதினார். எனக்கு எச்சரிக்கைக் கடிதம் வந்தது. பதவி உயர்வு வேறு ஒருவருக்குப் போனது. ரமிரோ வேலையில் இருந்தார்.

"தேவையில்லாமல் மாட்டுப்பட்டிட்டியள் அண்ணை" என்றாள் ரதி.

"ஓம். ஆனால் அந்த மனுசனை அனுப்பினது நான்தானே" என்றேன்.

4. மாட்டுக்காரன்

அடுத்த நாள் மதியச் சாப்பாட்டுக்கு ரமிரோவின் பக்கத்தில் போய் உட்கார்ந்து, ஏன் இதையெல்லாம் சொல்லவில்லை என்று கேட்டேன். யாரும் கேட்கவில்லையே என்றார்.

மெக்சிக்கோவின் சொனோராவில் அவருடைய தகப்பனும் அதற்கு முந்திய தலைமுறைகளும் குதிரையில் மாடு மேய்த்தவர்கள். வக்கேரோ என்று சொல்வார்களாம். அவர்கள் பாஷையில் பசுவுக்கு வக்கா. ஆகவே மாட்டுக்காரன், அவ்வளவுதான். மாட்டையும் குதிரையையும் அங்கே கொண்டுவந்தவர்கள் ஸ்பானியர். சுதேசிகள் குதிரையில் ஏறக் கூடாது என்று முதலில் சட்டம் வைத்திருந்தார்கள். மந்தை பெருகி மேய்க்க ஆள் இல்லாமல் போனதும், சுதேசிகளும் கறுப்பினத்தவரும் கலப்பினத்தவருமே ஏறினார்கள். பிறகு வடக்கிலிருந்து வந்த வெள்ளைக்காரர் அவர்களிடம் தொழிலைப் பழகிக் கவ்போய் ஆனார்கள். சுருக்குக் கயிற்றுக்கு லாஸோ, மாட்டுப் பண்ணைக்கு ரான்ச், மாடடக்கும் போட்டிக்கு ரோடியோ எல்லாம் அவர்களுடைய சொற்கள்தான்.

எங்கள் மைதானத்தில் வருடந்தோறும் ஸ்கூல் பிள்ளைகளுக்கு ஒரு நிகழ்ச்சி நடக்கும். பெரிய தொப்பி போட்ட ஒருவர் மேடையில் நின்று, கவ்போய் டெக்சஸில் பிறந்தான் என்று சொல்வார். அந்த மேடைக்குப் பின்னால்தான் ஆறு வருடமாக ரமிரோ கூட்டிக்கொண்டிருந்தார்.

"நீங்கள் உங்கடை ஊரிலை என்ன வேலை செய்தனீங்கள்?" என்று அவர் என்னைத் திருப்பிக் கேட்டார்.

யாழ்ப்பாணத்தில் நான் நில அளவைத் திணைக்களத்தில் நிலப்படம் வரைகிறவனாக இருந்தேன். கனடாவில் அந்த மைதானத்தில் யாரும் என்னிடம் கேட்காத கேள்வி அது. அதைச் சொல்லிக் குறைப்பட்டிருக்கிறேன், வீட்டில், பல தடவை. ஆனால் எனக்குக் கீழே வேலை செய்த ஒருவரிடமும் நானும் கேட்டதில்லை.

அடுத்த வருடம் பிள்ளைகளின் நிகழ்ச்சிக்கு நாங்கள் இருவரும் ஒரு விளக்கப் பலகை செய்து வைத்தோம். பிரையன் சம்மதிக்க மூன்று மாதம் எடுத்தது. சேணத்தை நான் வரைந்தேன், ஒவ்வொரு பாகத்துக்கும் ஸ்பானியப் பெயரை ரமிரோ சொன்னார். முன்கொம்பை மெல்லியதாக வரைந்துவிட்டேன் என்று இரண்டு தடவை அழிக்க வைத்தார்.

இப்போது சூப்பர்வைசராக வருகிற பிள்ளைகளுக்கு நான் சொல்வது இதுதான். புதிதாக வருகிறவரிடம் முன்பு என்ன வேலை செய்தார் என்று முதல் கிழமையிலேயே கேளுங்கள். வேலைக்குச் சேர்க்கும் படிவத்தில் அதற்கு இடமில்லாவிட்டால் ஓரத்தில் எழுதுங்கள். நான் ஆறு வருடம் பிந்திக் கேட்டேன்.