ஸ்டேஷன் வாசலில் பாடியவளும் நானும்

இன்று மத்தியானம் அஜக்ஸ் நகரில் ஒரு பிறந்தநாள் விழாவில் பாடிவிட்டு ரயிலில் திரும்பினேன்.

பக்கத்தில் ஒரு தமிழ்ப் பிள்ளை. ஜப்பானிய ராக் பாடகி ஒருத்தியின் கச்சேரிக்குப் போகிறாளாம். போனில் படம் காட்டினாள்.

"முதல்ல உவ ஸ்டேஷன் வாசல்ல கிற்றாரோட நிண்டு பாடினவ, அங்கிள். ஒருத்தரும் நிண்டு கேக்கேல்லையாம். இப்ப ஸ்டேடியமே சோல்ட் அவுட்!"

பிறகு என் மடியில் இருந்த மைக் பெட்டியைப் பார்த்தாள்.

"நீங்களும் சிங்கரோ?"

"ஓம் பிள்ளை. கனகாலமாப் பாடுறன்."

"அப்ப டோன்ட் கிவ் அப், அங்கிள். உங்களுக்கும் ஒரு நாள் வரும்."

தலையாட்டினேன்.

எங்கள் விழாக்களில் சாப்பாடு திறக்கிற நேரம் பார்த்துத்தான் பாட்டுக்காரனை மேடையில் ஏற்றுவார்கள் என்பது அவளுக்குத் தெரியாது. இன்றும் நான் பல்லவி எடுத்ததும் மண்டபமே எழுந்தது, சோற்று வரிசைக்கு.

பிறந்தநாள்காரியின் தகப்பன் மேடைக்கு வந்து காதுக்குள் சொன்னார்: "நல்லாப் பாடுறியள் அண்ணை. சத்தத்தை மட்டும் கொஞ்சம் குறையுங்கோ, சனம் கதைக்கேலாமல் கிடக்கு."

அந்தப் பாடகியைக் கடந்து போனவர்களுக்கு ரயில் பிடிக்கிற அவசரமாவது இருந்தது. என் ஆட்கள் எதிரே கதிரையில் இருந்துகொண்டே கேட்பதில்லை.

வருகிற சனிக்கிழமை பிக்கரிங்கில் பாடுகிறேன். ஆட்டுக்கறி நன்றாக இருக்குமாம். யார் யார் வருகிறீர்கள்?