ரஹீமா மிஸ் எழுதிய ஒரே பொய்

தேயிலைக் கொழுந்தெடுத்துவிட்டு மத்தியானம் வீட்டுக்கு வந்த அத்தை, கூடையை இறக்கும்போதே சொன்னார்: "ஏம்மா, நம்ம மிட்வைஃப் அம்மா போயிருச்சாம். நெஞ்சுவலியாம். நேத்தே அடக்கியும் முடிச்சிட்டாங்களாம்."

அத்தை என் கணவரின் அம்மா. அடுப்படியில் நின்றிருந்த எனக்கு முதலில் வந்தது அழுகை இல்லை, பயம். கை தானாக வயிற்றுக்குப் போனது. இரண்டாவது பிள்ளை, மூன்றாம் மாதம். என்னைப் பற்றித் தெரிந்த ஒரே ஆள் போய்விட்டார், இனி யாருக்கும் தெரியாது என்று நினைத்தேன். நிம்மதி மாதிரியும் இருந்தது, என்னை உள்ளே வைத்து யாரோ கதவைப் பூட்டிவிட்டுப் போன மாதிரியும் இருந்தது. இந்த அஞ்சலி நாற்பது நாள் பிந்தி வருவது அதனால்தான்.

கொட்டகலைப் பக்கம் பிள்ளை பெற்றவர்களுக்கு ரஹீமா மிஸ்ஸை நான் அறிமுகப்படுத்தத் தேவையில்லை. மெயின் ரோட்டில் பஸ்ஸை விட்டு இறங்கி, குடையை ஊன்றிக்கொண்டு ஏறி வருவார். முதல் லயத்து வரிசை வீடுகளுக்கு வரும்போதே கடைசி லயத்துக்குக் குரல் கேட்கும்: "கிளினிக் காட எடுங்க, கதைய பொறகு பாப்பம்!" பென்சன் எடுத்த கங்காணி ஒருவர், "எங்க வீட்டுக்கு மட்டும் வரவே மாட்டீங்களே மிஸ்" என்று வம்புக்கு இழுப்பார். "நீங்க பெறுங்க, நான் வாறேன்" என்று நிற்காமல் சொல்லிவிட்டுப் போவார் மிஸ். லயமே சிரிக்கும்.

பாப்பா பிறந்த இரண்டாம் மாதம் அந்தக் குரலுக்கு நான் கதவைத் திறக்கவில்லை. கணவர் கொழும்பில் கடை வேலை, மாதம் ஒருமுறை வருவார். அத்தை விடியவே தோட்டத்தில் பேர் கொடுக்கப் பெரட்டுக்குப் போய்விடுவார். வெளியே மூடுபனி, உள்ளே நானும் பிள்ளையும். பாப்பாவைத் தூக்கிக்கொண்டு, மலைத்தண்ணீர் கொட்டும் பீலிக்கரைக்குத் தண்ணீர் எடுக்கப் போனால் என் கை அவளை விட்டுவிடும் என்று ஒரு நினைப்பு. அது ஒரு நாள் வந்தது, பிறகு ஒவ்வொரு நாளும் வந்தது. அதனால் நான் பீலிக்குப் போவதை நிறுத்தினேன். பிறகு வாசலுக்கு வருவதையும் நிறுத்தினேன்.

மிஸ் போகவில்லை. வாசல்படியில் உட்கார்ந்துவிட்டார். "மகள், எனக்கு மூட்டு நோவு. நீங்க தொறக்காட்டி நான் இங்கயே ஈக்கிறேன்." திறந்தேன். அரை மணி நேரத்தில் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அவர் ஐயோ என்கவில்லை, பிள்ளையை என் கையிலிருந்து பறிக்கவும் இல்லை. "இது வருத்தம், மகள். சளி காய்ச்சல் மாதிரி வருத்தம். மருந்து ஈக்கி" என்றார். பாப்பாவுக்கு ஊசி என்று அத்தையிடம் சொல்லி என்னை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போய் டாக்டரின் முன்னால் உட்கார வைத்தார். டாக்டர் எழுதிய துண்டுச்சீட்டை நான் அடுப்பில் போட்டேன். மருந்தை அரிசி டின்னுக்குள் மறைத்து வைத்து விழுங்கினேன்.

கிளினிக் கார்டில் எழுத வேண்டாம் என்று அவர் காலைப் பிடித்தேன். அத்தை வாசிக்கமாட்டார், ஆனால் லயத்தில் வாசிக்கிறவர்கள் இருக்கிறார்கள். பேய் பிடித்தது என்பார்கள், பிள்ளையை வாங்கி வைத்துக்கொள்வார்கள். மிஸ் கார்டை வாங்கி முழங்காலில் விரித்தார். பிறகு 'தாய் நலம்' என்று எழுதிக் கையெழுத்து வைத்தார். "இவ்வளவு வருஷத்துல நான் எழுதின ஒரே பொய் இது. அடுத்த புள்ள வந்தா நீங்களே ஒங்கட வாயால செல்லணும். சரியா?" சரி என்றேன்.

அடுத்த முறை எழுதாத ஒரு கொப்பியோடு வந்தார். ஓய்வு பெறப் போகிறாராம், பென்சனுக்குப் பார்த்தால் தன் பெயர் ஒவ்வொரு கடதாசியிலும் ஒவ்வொரு மாதிரி இருக்கிறதாம். "நீங்க படிச்ச புள்ள. ஒரு நாளைக்கு ரெண்டு வீடு. கிளினிக் காட்டுல எங்கட பேரு எப்பிடி எழுதீக்கின்னு பாத்து எழுதுங்க." பாப்பாவை இடுப்பில் வைத்துக்கொண்டு போனேன். ரஹீமா, றஹீமா, ரகிமா, ராஹிமா. ஆங்கிலத்தில் எழுதிய நர்ஸ்களில் ஒருவர் 'ஈ' இரண்டு போட்டிருந்தார், ஒருவர் ஒற்றை 'ஐ', ஒருவர் கடைசியில் 'எச்' வேறு. அடுத்த காம்பராவில் குடியிருக்கும் செல்வி அக்கா, "காலேஜ் படிச்சிட்டு மிட்வைஃப் பேர எழுதிக்கிட்டுத் திரியிறியேடி" என்று கேலி பண்ணிக்கொண்டே தேத்தண்ணி தந்தார். கடைசி வீட்டுக்குப் பீலிக்கரையைத் தாண்டித்தான் போக வேண்டும். மூன்று நாள் திரும்பி வந்தேன். நாலாம் நாள் தாண்டினேன்.

கொப்பியைப் பார்த்து மிஸ் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். பெயருக்கு என்ன அர்த்தம் என்று கேட்டேன். "எரக்கமுள்ளவ. கர்ப்பப்பைக்கும் அரபியில கிட்டத்தட்ட இதே பேருதானாம், ரஹிம். எங்கட வாப்பா அதெல்லாம் தெரிஞ்சா வெச்சாரு? அவருட உம்மாட பேரு, வெச்சாரு. எப்பிடி எழுதினாலும் கூப்பிட்டா வாறது நான்தானே."

போன வாரம்தான் துக்கம் கேட்கப் போனேன். அவருடைய மகளிடம் கொப்பியைப் பற்றிச் சொன்னேன். அவர் விழித்தார். "பேருக்கு சத்தியக்கடதாசி உம்மா அதுக்கும் மூணு வருஷத்துக்கு முந்தியே முடிச்சிட்டாவே! பிள்ளைங்கட கிளினிக் காடெல்லாம் யாரும் கேக்கல்லயே." பஸ்ஸில் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு வந்தேன்.

அவரிடமிருந்து என்னிடம் இருப்பது 'தாய் நலம்' என்ற அந்த இரண்டு சொல்லும், நான் கொடுத்த ஒரு சொல்லும். வியாழக்கிழமை கிளினிக். புது மிஸ்ஸிடம் இந்தக் கார்டை விரித்துச் சொல்ல வேண்டும். பக்கத்தில் அத்தை இருப்பார். சொல்ல வருமா என்று நேற்று பாப்பாவை வைத்துச் சத்தமாகச் சொல்லிப் பார்த்தேன்: "இது உண்மை இல்ல, மிஸ்."

இன்று காலையிலிருந்து அவள் அதையே பாடிக்கொண்டு வீட்டைச் சுற்றுகிறாள். உண்மை இல்ல மிஸ், உண்மை இல்ல மிஸ். ஞாயிற்றுக்கிழமை, அத்தைக்கு வேலை இல்லை. "எதும்மா உண்மை இல்ல?" என்று கேட்டார்.

அடுப்பை அணைத்தேன். கார்டை எடுத்துக்கொண்டு வந்து அத்தைக்குப் பக்கத்தில் உட்கார்ந்தேன்.