தானெழுதிக்குப் போட்ட ஒட்டு

வரலாற்று மாளிகையில் அவளைப் பூனையக்கா என்றுதான் எல்லோரும் கூப்பிடுவார்கள். வருவதும் தெரியாது, போவதும் தெரியாது. கிழிந்த புத்தகங்களுக்குப் பசை காய்ச்சி, ஒட்டுப் போட்டு, தைத்துக் கொடுப்பது அவள் வேலை. “நான்” என்ற சொல் அவள் வாயிலிருந்து வந்து யாரும் கேட்டதில்லை. “அக்கா, யாரு இவ்வளவு நேர்த்தியா தைச்சது?” என்று கேட்டால், “தைச்சிருக்கு” என்று சொல்லி நழுவிவிடுவாள்.

அதே மாளிகையைக் கூட்டிப் பெருக்கும் அவளுடைய நாத்தனாருக்கு வாய் எட்டு ஊருக்குக் கேட்கும். “எங்க அண்ணி ஊசிகிட்டயே மன்னிப்புக் கேட்டுட்டுத்தான் துணியில குத்துவாங்க” என்பாள்.

மாளிகையின் நடுக்கூடத்தில் தானெழுதி இருந்தது. ஊரில் அன்றன்று நடந்ததைச் சாயங்காலம் தானாகவே எழுதிக்கொள்ளும் தடித்த புத்தகம். மாடிக் குழாய் உடைந்து தண்ணீர் கொட்டியதில் அது ஊறி, கிழிந்து, எழுதுவதையே விட்டுவிட்டது. குழந்தை பிறந்தாலும் எழுதவில்லை, பாலம் கட்டி முடித்தாலும் எழுதவில்லை. தங்கள் நாட்கள் எல்லாம் கணக்கில் சேராமல் போகின்றனவே என்று ஊர் தவித்தது.

கண்காணிப்பாளர் பழைய அலமாரிகளைக் குடைந்து ஒரு சுவடியை எடுத்தார். தானெழுதி கிழிந்தால் எப்படிச் செப்பனிடுவது என்று எந்தக் காலத்திலோ யாரோ எழுதி வைத்தது. மங்கிப்போன எழுத்தோடு மல்லுக்கட்டி, கடைசியில் படித்தே காட்டினார்:

“கிழிந்த துண்டைப் பசையிட்டு வைக்கும்போது, அதில் எழுதியுள்ளதை அன்று நேரில் கண்டவர் கண்டதைச் சொல்ல வேண்டும். கூட்டிச் சொன்னால் ஒட்டாது. குறைத்துச் சொன்னாலும் ஒட்டாது.”

நல்லவேளை, நனைந்தவை கடந்த முப்பது நாற்பது ஆண்டுப் பக்கங்கள்தான். கண்டவர்கள் எல்லோரும் உயிரோடு இருந்தார்கள். வரிசையில் வந்து சொன்னார்கள். ஓய்வுபெற்ற தபால்காரர், வெள்ளத்தில் மூன்று மாட்டைத் தோளில் சுமந்து நீந்தியதாக ஆரம்பித்தார். துண்டு எகிறி அவர் மூக்கிலேயே ஒட்டிக்கொண்டது. “சரி சரி, ஒரு கன்னுக்குட்டி. அதுவும் தானா நீந்துச்சு” என்றதும் இறங்கி வந்து தன் இடத்தில் படிந்தது. கூடமே சிரித்தது. பூனையக்கா மட்டும் சிரிக்காமல் பிரஷ்ஷால் ஓரங்களைத் தடவிக்கொடுத்தாள்.

கடைசியில் ஒரே ஒரு துண்டு மிஞ்சியது. நூல் ஆலை எரிந்த நாளின் பக்கம். அங்கே வேலை பார்த்த பெண்கள் வந்து புகையைச் சொன்னார்கள், அலறலைச் சொன்னார்கள்; அவையெல்லாம் ஒட்டின. எல்லோரும் தப்பி வந்த பின்கதவு எப்படித் திறந்தது என்பது மட்டும் யாருக்கும் தெரியவில்லை.

“அக்கா, நீங்களும் அப்ப அந்த ஆலையிலதானே இருந்தீங்க?” என்றார் கண்காணிப்பாளர்.

பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு அவள் வேலைக்குப் போன முதல் இடம் அது. துண்டைப் பசையிட்டு வைத்து, தலை குனிந்தபடி சொன்னாள்: “ஒரே புகை. கதவுக்குக் குறுக்கே கட்டை போட்டிருந்துச்சு. அப்புறம் கதவு தெறந்துச்சு.”

துண்டு உதிர்ந்தது.

மறுபடி பசை. “கட்டைய யாரோ தூக்குனாங்க. கதவு தெறந்துச்சு.”

மறுபடியும் உதிர்ந்தது. ஈரத்தில் துண்டு வெங்காயச் சருகாய் மெலிந்திருந்தது. இன்னொரு முறை பசை பட்டால் கூழாகிவிடும் என்பது மற்ற யாரையும்விட அவளுக்குத்தான் தெரியும். கூழானால் தானெழுதி இனி எழுதவே போவதில்லை.

நாத்தனார் துடைப்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டு வந்தாள். “ஏன் அண்ணி, கதவுக்குக் கையா மொளைச்சிருக்கு, தானா தெறக்க? யாரோன்னா யாரு? அந்த யாரோவுக்கு வீடு வாசல் இல்லையா?”

“சும்மா இரு.”

“நான் சும்மா இருந்தா அது ஒட்டிக்குமா?”

பூனையக்கா சுற்றிலும் பார்த்தாள். ஆலைப் பெண்கள் நின்றிருந்தார்கள். ஒருத்தியின் இடுப்பில் பேரக்குழந்தை. அன்றைக்கு அந்தப் பெண் வெளியே வந்திராவிட்டால் இந்தக் குழந்தை ஏது?

பிரஷ்ஷை நனைத்தாள். துண்டை வைத்தாள். கையை எடுக்கவில்லை.

“பஞ்சுப் பொதி மேல ஏறிப் போனேன். கட்டை சுட்டுச்சு. முந்தானையச் சுத்திக்கிட்டுத் தூக்கினேன். கதவை நான்தான் தெறந்தேன்.” துண்டின் ஓரத்தை விரலால் அழுத்தினாள். “எல்லாரையும் வெளிய அனுப்பிட்டு நான் கடைசியா வந்தேன். பயமாத்தான் இருந்துச்சு. ஆனாலும் வந்தேன்.”

துண்டு பக்கத்தோடு படிந்தது. மங்கிக் கிடந்த மை கறுத்து எழும்பியது.

“அடியே, நீயா?” என்று ஒருத்தி அவள் கன்னத்தைப் பிடித்தாள். “இத்தன வருஷமா சாமி தெறந்துச்சுன்னுல்ல சொல்லிக்கிட்டுத் திரியறோம்!”

“சாமிக்கு வேற வேலை இருந்திருக்கும்” என்றாள் நாத்தனார். கண்ணைத் துடைத்துக்கொண்டே வாசலுக்கு ஓடி, “எங்க அண்ணிதான்! எங்க அண்ணிதான்!” என்று தெருவுக்கே கத்தினாள்.

கண்காணிப்பாளர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு அந்த வரியைப் படித்தார்: “நூற்பவர்களில் எல்லோருக்கும் இளையவள் கட்டையைத் தூக்கிக் கதவைத் திறந்தாள். எல்லோரும் போன பின்பே அவள் வெளியே வந்தாள்.”

பூனையக்கா நிமிர்ந்து நின்றாள்.

“சார், வாசல்ல இருக்கிறவங்களுக்குக் கேட்டிருக்காது” என்றாள். “இன்னொரு தடவ, கொஞ்சம் சத்தமா படிங்க.”