பாலாம்பிகை மொழிபெயர்த்த சிப்பாய்

பாலாம்பிகைக்கு ரஷ்ய மொழி வந்தது கார்கிவ் நகரத்தில். எண்பதுகளில் புலமைப்பரிசில் கிடைத்து, யாழ்ப்பாணத்திலிருந்து பொறியியல் படிக்க அங்கே போனவள். படித்து முடித்தபோது ஊரில் சண்டை. திரும்பிப் போகாமல் ஜெர்மனிக்குப் போய், அங்கிருந்து லண்டனுக்கு வந்து சேர்ந்தாள். இங்கே அவளுடைய பட்டத்தை ஒருவரும் கணக்கில் எடுக்கவில்லை. மொழி மட்டும் உதவியது. ஆஸ்பத்திரிகளிலும் கவுன்சில் அலுவலகங்களிலும் மற்றவர்களுக்காகப் பேசியே அறுபதைத் தாண்டிவிட்டாள்.

சென்ற வருடம் கிங்ஸ்பரியில், அவள் வீட்டிலிருந்து நடக்கும் தூரத்திலுள்ள முதியோர் இல்லமொன்றுக்கு அவளை அழைத்தார்கள். அங்கே செம்யோன் என்றொரு கிழவர் இருந்தார். பதினேழு வயதில் சோவியத் படையில் சேர்க்கப்பட்டு, ஜெர்மன்காரருக்கு எதிராகச் சண்டை பிடித்தவர். மனைவி இறந்தபின் மகள் மரினாவோடு வாழ லண்டனுக்கு வந்தவர். வயது நூறை நெருங்க, கற்ற கொஞ்ச ஆங்கிலமும் மறந்துபோயிற்று. உள்ளூர் வரலாற்றுக் குழுவொன்று நூலகத்தில் கண்காட்சி வைப்பதற்காக அவரைப் பேட்டி காண விரும்பியது. மொழிபெயர்ப்பவர் குடும்பத்தவராக இருக்கக்கூடாது என்பது அவர்களுடைய விதி.

பேட்டி எடுத்தவர் பீற்றர் என்ற ஓய்வுபெற்ற வெள்ளைக்காரர். மரியாதையான மனிதர். போரைப் பற்றி நிறைய வாசித்தவர். முதல் நாளே கேட்டார்:

“நீங்கள் ஏன் போரிட்டீர்கள்?”

பாலாம்பிகை ரஷ்யனில் கேட்டாள். செம்யோன் தன் செருப்பைப் பார்த்தார்.

“எங்களுக்குக் காலுறை இல்லை, பிள்ளை. துணிதான். ஒரு மடிப்பு விழாமல் காலைச் சுத்த வேணும். மடிப்பு விழுந்தால் கொப்புளம், கொப்புளம் வந்தால் நடக்கேலாது, நடக்காட்டில் ஏச்சு. முதல் மாசம் முழுக்க எனக்கு இதுதான் யோசனை.”

அவள் அப்படியே சொன்னாள். பீற்றர் சிரித்துத் தலையாட்டிவிட்டு, மறுபடியும் அதே கேள்வியைக் கேட்டார். கிழவர் கஞ்சியைப் பற்றிச் சொன்னார். இரண்டு பேருக்கு ஒரு தகரப் பாத்திரம். இவர் ஒரு கரண்டி, கூட இருந்த சிப்பாய் க்ரீஷா ஒரு கரண்டி. க்ரீஷாவின் கரண்டி பெரிது. அதனால் தினமும் சண்டை.

அறையின் மூலையிலிருந்த மரினாவுக்குப் பொறுக்கவில்லை. “அப்பா, மெடலைப் பற்றிச் சொல்லுங்கோ. நாட்டுக்காகப் போனதைச் சொல்லுங்கோ.”

“நான் எங்க போனனான்? கூட்டிக்கொண்டு போனவங்கள்,” என்றார் செம்யோன்.

இப்படியே வாரங்கள் கழிந்தன. மரினாவுக்குத் தாய்நாடு வேண்டியிருந்தது. பீற்றருக்குப் பயம் வேண்டியிருந்தது. பின்வாங்கிய சிப்பாய்களைச் சொந்தப் படையே சுட்டதை அவர் வாசித்திருந்தார். அதைச் சுற்றிச் சுற்றிக் கேட்டார். பயம் இருந்ததுதான் என்று கிழவர் ஒத்துக்கொண்டார். “எல்லாத்துக்கும் பயம். முன்னுக்கும் பயம், பின்னுக்கும் பயம். சார்ஜன்டுக்கு இன்னும் கூடப் பயம்.” சொல்லிவிட்டு, பேன் பிடித்த தொப்பியின் கதைக்குப் போய்விட்டார்.

வீட்டுக்கு வந்தால் பாலாம்பிகைக்கு எரிச்சல் அடங்காது.

“அந்த மனுசன் சொல்லுறதை ஒருத்தரும் கேக்கினமில்லை,” என்றாள் கணவர் விஜயரத்தினத்திடம்.

“உமக்கேன் இவ்வளவு கோவம்? அவர் சொல்லுறதைச் சொல்லிப்போட்டு வாருமன்.”

ஏன் கோபம் என்று அவளுக்குத் தெரியும். படிக்கிற காலத்தில் ஒரு விடுமுறைக்கு ஊருக்குப் போனபோது, இயக்கத்தில் சேர்ந்திருந்த தம்பி றமணனை ஒரேயொரு தடவை பார்த்தாள். ஏன் போனாய் என்று அழுதுகொண்டு கேட்டாள். “வகுப்பிலை எல்லாரும் போயிட்டாங்கள், அக்கா. நான் மட்டும் வெறும் வாங்கிலை குந்திக்கொண்டு இருக்கேலுமே?” என்றான். அடுத்த வருடம் அவன் இல்லை. நினைவுக் கூட்டத்தில் பேசியவர்கள் பெரிய பெரிய காரணங்கள் சொன்னார்களாம். அம்மாவும் சாகும்வரை அவற்றையே சொன்னாள். அந்த வகுப்பறை வாங்கைப் பற்றி ஒருவரும் சொல்லவில்லை.

கடைசிப் பேட்டியில்தான் செம்யோன் தன் வேலையைப் பற்றிப் பேசினார். அவர் தொலைபேசிக் கம்பி இழுப்பவர். குண்டு விழுந்து கம்பி அறுந்தால் யாராவது வெளியே ஓட வேண்டும். கம்பியைக் கைக்குள் வழுக்க விட்டபடி ஓடினால், அறுந்த இடத்தில் கை வெறுமையாகும்.

“குண்டு விழும்போது ஏன் போனீர்கள்?” என்று பீற்றர் கேட்டார்.

“நான் போகாட்டில் மற்ற முனையிலிருந்து க்ரீஷா வெளிக்கிடுவான். அவனுக்கு ஓடத் தெரியாது. யானை மாதிரி.”

பாலாம்பிகை அதை ஒரு சொல்லும் விடாமல் மொழிபெயர்த்தாள். இதைவிட என்ன பதில் வேண்டும்? பீற்றர் அழகாக இருக்கிறது என்றார். பிறகு பயத்தைப் பற்றி இன்னொரு கேள்வி கேட்டார்.

கண்காட்சிக்குச் சில நாட்களுக்கு முன் பலகையில் வரவிருந்த வாசகத்தைத் தொலைபேசியில் அனுப்பினார்கள். கிழவரின் படம். கீழே: ‘முன்னால் தாய்நாடு, பின்னால் துப்பாக்கி. அதனால்தான் போரிட்டேன்.’ அதன் கீழே மொழிபெயர்ப்பாளராக அவள் பெயர்.

உடனே பீற்றரை அழைத்தாள். “அவர் இப்பிடிச் சொல்லேல்லை. நானும் சொல்லேல்லை.”

“சாரம் அதுதானே, பாலா. பார்க்க வருபவர்கள் ஒரு நிமிடம்தான் நிற்பார்கள்.”

“அப்ப க்ரீஷா?”

“க்ரீஷாவை ஒருவருக்கும் தெரியாதே.”

மரினாவை அழைத்தாள். தாய்நாடு என்ற சொல் இருக்கிறது, அது போதும் என்றாள் மரினா. உக்ரேனில் போர் நடக்கும் இந்தக் காலத்தில் ரஷ்யச் சிப்பாயின் படத்தை வைக்க நூலகம் சம்மதித்ததே பெரிய காரியம், குழப்பாதே என்று சேர்த்துச் சொன்னாள். அதுவும் நியாயமாகத்தான் பட்டது. தன் பெயரையாவது எடுத்துவிடுங்கள் என்று பீற்றருக்குச் செய்தி அனுப்பினாள்.

திறப்பு நாளில் செம்யோனைச் சக்கர நாற்காலியில் கொண்டுவந்தார்கள். தன் படத்தை வெகுநேரம் பார்த்தார். எழுதியிருப்பதை வாசிக்கச் சொன்னார். பாலாம்பிகை குனிந்து அவர் காதருகே ரஷ்யனில் வாசித்தாள்.

“இதார் சொன்னது?” என்றார் கிழவர்.

“என்ன சொல்கிறார்?” பீற்றர் ஆவலோடு கேட்டார்.

“இதை யார் சொன்னது என்று கேட்கிறார்.”

பீற்றருக்கு முகம் சிவந்தது. அச்சாகிவிட்டது, இனி ஒன்றும் செய்ய முடியாது என்று முணுமுணுத்துவிட்டு, தேநீர் மேசைப் பக்கம் நகர்ந்தார்.

திரும்பும்போது அப்பாவையும் பாலாம்பிகையையும் ஏற்றிக்கொண்டு மரினா கார் ஓட்டினாள். சிக்னல் ஒன்றில் சிவப்பு விழுந்து நின்றபோது திடீரென்று கேட்டாள்: “அப்பா, அந்த க்ரீஷாவுக்கு என்ன நடந்தது?”

பாலாம்பிகைக்குச் சுருக்கென்றது. இத்தனை வாரங்களில் பீற்றரும் அதைக் கேட்கவில்லை, மரினாவும் கேட்கவில்லை. ஏன் ஏன் என்று எல்லாரும் துருவியபோது, அவளுக்கும் அது தோன்றவில்லை.

“க்ரீஷாவோ? நல்லாத்தான் இருந்தவன். லெனின்கிராட்டிலை பஸ் ஓட்டினவன். ரெண்டு கலியாணம்.” கிழவரின் குரல் உயர்ந்தது. “என்னை ஒரு நாள் பாக்க வந்தவனே? ரயில் ஏறினால் ஒரு ராத்திரிப் பயணம். ஒரு நாளும் வரேல்லை!”

சிக்னல் பச்சைக்கு மாறியதை மரினா கவனிக்கவில்லை. பின்னாலிருந்து ஹோர்ன் அடித்தார்கள்.

“எனக்கு ஒரு நாளும் சொல்லேல்லையே, அப்பா.”

“நீ கேட்டனியே?” என்றார் செம்யோன்.

அந்தக் குளிர்காலத்தில் அவர் இறந்துபோனார். பலகை அதுவரைக்கும் நூலக வாசலில் அப்படியேதான் நின்றது. ஒரேயொரு திருத்தம் செய்திருந்தார்கள்: பாலாம்பிகையின் பெயர் இருந்த இடத்தில் வெள்ளைத் தாள் ஒட்டியிருந்தது.